முடிவில்லாத ஆட்டங்களும் பெற்றோரின் பூட்டும்

குழந்தை கையில் டேப்லெட்டைக் கொடுக்கலாமா கூடாதா என்று விவாதிக்க நான் இங்கே வரவில்லை. பல வீடுகளில் அந்தக் கேள்விக்குக் காலமே விடை சொல்லிவிட்டது. 2020இல் பள்ளிகள் மூடப்பட்டபோது பாடமே திரை வழியாக வந்தது. பள்ளிகள் திறந்த பிறகும் திரை வீட்டிலேயே தங்கிவிட்டது. இப்போது நம்முன் இருப்பது அடுத்த கேள்வி. அந்தத் திரையில் குழந்தை ஆடும் ஆட்டங்களைப் பெற்றோர் எப்படி நிர்வகிப்பது? இதற்குப் பொதுவாகக் கிடைக்கும் பதில், நேரம் குறித்துப் பூட்டுப் போடுங்கள் என்பதுதான். ஒரு மணி நேரம் ஆனதும் செயலி தானாக மூடிக்கொள்ள வேண்டும், அவ்வளவுதான். அந்தப் பதில் தவறு என்று சொல்ல மாட்டேன். அது அரைகுறையான பதில் என்கிறேன். பூட்டு அவசியம். ஆனால் அதை நேரத்தின் மீது முதலில் போடுகிறோம். பணத்தின் மீதும், முகம் தெரியாதவர் பேச்சின் மீதும், உள்ளே நுழையும் ஆட்டத்தின் மீதும் கடைசியில் போடுகிறோம், அல்லது போடுவதே இல்லை. இந்த வரிசையை மாற்ற வேண்டும் என்பதே நான் இன்று சொல்ல வந்தது. எவ்வளவு நேரம் என்று கேட்பதற்கு முன், எப்படிப்பட்ட ஆட்டம் என்று கேட்க வேண்டும்.

கையில் உள்ள கருவிகள் என்னென்ன என்று முதலில் பார்த்துவிடுவோம். ஆப்பிள் நிறுவனம் ஐபேடை 2010 ஏப்ரலில் விற்பனைக்குக் கொண்டுவந்தது. குழந்தையை ஒரே செயலிக்குள் நிறுத்திவைக்கும் ‘கைடட் ஆக்சஸ்’ என்ற வசதி 2012இல் வந்தது. அதே ஆண்டில் அமேசான் தன் கிண்டில் ஃபயர் டேப்லெட்டில், பெற்றோர் தேர்ந்தெடுத்தவை மட்டுமே தெரியும் குழந்தைப் பகுதி ஒன்றைச் சேர்த்தது. இன்று அதன் பெயர் அமேசான் கிட்ஸ். குழந்தை எதை வாங்க நினைத்தாலும் பெற்றோரின் கருவிக்கு அனுமதி கேட்டுச் செய்தி வரும் ஏற்பாட்டை ஆப்பிள் 2014இல் தந்தது. குழந்தையின் கருவியைப் பெற்றோர் தங்கள் கருவியிலிருந்தே நிர்வகிக்க உதவும் கூகுளின் ஃபேமிலி லிங்க் 2017இல் வந்தது. செயலி செயலியாக நேர வரம்பு வைக்கும் ஆப்பிளின் ‘ஸ்கிரீன் டைம்’ 2018இல் வந்தது. இவை எல்லாம் சேர்ந்து செய்யும் வேலைகள் நான்கு: எந்த ஆட்டம் உள்ளே வரலாம் என்று தீர்மானிப்பது, பணம் போகாமல் தடுப்பது, யாருடன் பேசலாம் என்று வரையறுப்பது, எவ்வளவு நேரம் என்று எண்ணுவது. நான்கும் செட்டிங்ஸில் அடுத்தடுத்து இருப்பதால் நான்கும் ஒரே தன்மையுடையவை என்று தோன்றும். ஆனால் முதல் மூன்றும் ஆட்டம் தொடங்கும் முன்பே எடுத்து முடித்துவிடும் தீர்மானங்கள். ஒருமுறை சரியாகச் செய்தால் பல மாதங்களுக்குக் காவல் நிற்கும். நான்காவது மட்டும், குழந்தை ஆட்டத்தில் மூழ்கியிருக்கும் வேளையில் குறுக்கே வந்து நிற்கிறது. தினமும் ஒரு சண்டையை வீட்டுக்குள் கொண்டுவருகிறது. நாம் முதலில் கைவைப்பது இந்த நான்காவதில்தான்.

பணத்தை எடுத்துக்கொள்வோம். இதற்கு அமெரிக்க அரசின் ஆவணங்களே சாட்சி. இலவசமாக இறக்கிக்கொள்ளும் ஆட்டத்துக்குள் நாணயம், வைரம், தீனி என்று எதையாவது வாங்கச் சொல்லும் முறை 2010களின் தொடக்கத்தில் பரவியது. ஆப்பிளின் ஆப் ஸ்டோரில் அன்றிருந்த ஏற்பாட்டின்படி, பெற்றோர் ஒருமுறை பாஸ்வேர்டு போட்டால் அடுத்த 15 நிமிடங்களுக்கு மறுபடி கேட்காது. ஏதோ ஒன்றுக்கு அனுமதி கொடுத்ததாக நினைத்துப் பெற்றோர் கருவியைத் திருப்பிக் கொடுப்பார்கள். அந்தக் கால் மணி நேரத்தில் குழந்தை எத்தனை முறை தொட்டாலும் அத்தனை முறையும் கணக்கிலிருந்து பணம் போகும். வளர்ப்புப் பிராணிகளுக்கு விடுதி நடத்தும் ‘டேப் பெட் ஹோட்டல்’ என்ற ஆட்டத்தில் தன் மகள் 2,600 டாலர் செலவழித்துவிட்டதாக ஒருவர் புகார் செய்தார். அமெரிக்கக் கூட்டாட்சி வர்த்தக ஆணையம் விசாரித்து, 2014 ஜனவரியில் குறைந்தது 3.25 கோடி டாலரைத் திருப்பித் தர ஆப்பிள் ஒப்புக்கொண்டது. கூகுளின் கடையில் இந்த இடைவெளி 30 நிமிடம். அந்த நிறுவனம் 2014 செப்டம்பரில் குறைந்தது 1.9 கோடி டாலர் தர ஒப்புக்கொண்டது. அமேசான் 2011 நவம்பரில் இந்த விற்பனையைத் தொடங்கியபோது பாஸ்வேர்டே கேட்கவில்லை. 2012 மார்ச்சில்தான் 20 டாலருக்கு மேற்பட்ட தொகைக்கு மட்டும் கேட்கத் தொடங்கியது. அந்த வழக்கில் 2016இல் நீதிமன்றம் நிறுவனத்துக்கு எதிராகத் தீர்ப்பளிக்க, 7 கோடி டாலருக்கும் அதிகமான தொகை திருப்பித் தரப்படுவதற்கு 2017இல் வழி பிறந்தது.

இந்த வழக்குகளிலிருந்து நாம் பெற வேண்டிய பாடம் இரண்டு. முதலாவது, வீட்டில் நேர வரம்பு எவ்வளவு கறாராக இருந்திருந்தாலும் இந்தப் பணம் தப்பியிருக்காது. கெடுவதற்குக் கால் மணி நேரமே போதுமானதாக இருந்தது. இரண்டாவது, இன்று நாம் பயன்படுத்தும் அனுமதிப் பூட்டுகள் புகார் கொடுத்த பெற்றோரின் பிடிவாதத்தாலும் அரசின் தலையீட்டாலும் வலுப்பெற்றவை. நம் நாட்டில் அட்டை வழிப் பணத்துக்கு ஓடிபி உண்டு என்பது ஒரு கூடுதல் காவல். ஆனால் அந்த ஓடிபி வந்து விழும் கருவியே குழந்தையின் கையில் இருந்தால் காவல் பெயரளவுக்குத்தான். மளிகைக் கடையில் நாம் யுபிஐ பின் அழுத்துவதைப் பக்கத்தில் நின்று பார்க்கும் எட்டு வயதுப் பிள்ளைக்கு அந்த எண்களை மனத்தில் வைப்பது பெரிய காரியமில்லை. ஆகவே முதல் பூட்டு பணத்தின் மீது விழ வேண்டும். ஒவ்வொரு வாங்கலுக்கும் பாஸ்வேர்டு கேட்கும்படி வைக்க வேண்டும். சிறு குழந்தைகளின் கருவியில் ஆட்டத்துக்குள் வாங்கும் வசதியையே நிறுத்திவிட வேண்டும். அந்தக் கணக்கில் அட்டை எண் எதையும் சேமித்து வைக்கக் கூடாது.

பணம் போகாமல் தடுத்துவிட்டால் போதுமா? போதாது. ஏனென்றால் பணம் கேட்பதற்காகவே அமைக்கப்பட்ட ஆட்டம், பணம் கிடைக்காதபோதும் கேட்டுக்கொண்டேதான் இருக்கும். ஐந்து வயதும் அதற்குக் கீழும் உள்ள குழந்தைகளுக்கான 135 செயலிகளை அமெரிக்காவின் மிச்சிகன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் ஆராய்ந்து 2019இல் வெளியிட்டார்கள். அவற்றில் 95 சதவீதத்தில் ஏதோ ஒரு வகை விளம்பரம் இருந்தது. விளம்பரம் என்றால் நடுவில் வரும் படம் மட்டுமன்று. மருத்துவர் விளையாட்டு ஒன்றில், குழந்தை எதையும் வாங்காமல் கடைப் பக்கத்தை விட்டு வெளியேறினால் திரையில் இருக்கும் பொம்மை முகம் வாடித் தலையை ஆட்டி அழத் தொடங்குகிறது. மூன்று வயதுக் குழந்தைக்கு அந்தப் பொம்மை ஒரு தோழன். தோழன் அழுதால் தன்னால்தான் அழுகிறான் என்று அந்தக் குழந்தை நம்பும். பெரியவர்களிடம் சரக்கு விற்பவர் நம் ஆசையைத் தூண்டுவார். இங்கே தூண்டப்படுவது குழந்தையின் இரக்கம். 3 முதல் 5 வயது வரையுள்ள 160 குழந்தைகள் உண்மையில் ஆடிய செயலிகளைப் பார்த்த இன்னொரு ஆய்வு 2022இல் வந்தது. நேரம் முடியப்போகிறது என்று அவசரப்படுத்துவது, வெளியேறும் வழியை மறைப்பது, பளபளப்பான பரிசைக் காட்டி இழுப்பது, பாத்திரங்களின் வாயால் கெஞ்ச வைப்பது போன்ற உத்திகள் பெரும்பாலான செயலிகளில் இருந்தன.

வயது கூடக் கூட உத்தியும் வளர்கிறது. அமெரிக்க உளவியலாளர்களான ஃபெர்ஸ்டரும் ஸ்கின்னரும் 1957இல் வெளியிட்ட ஆய்வுகள் ஓர் உண்மையைத் தெளிவாக்கின. பரிசு எப்போது வரும் என்று தெரியாத நிலையில் உயிர்கள் விடாமல் முயல்கின்றன. பரிசு நின்ற பிறகும் அந்த முயற்சி எளிதில் ஓய்வதில்லை. உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாமல் வாங்கும் ‘லூட் பாக்ஸ்’ எனப்படும் பரிசுப் பெட்டிகள் இந்தத் தத்துவத்தின் மீது நிற்பவை. அவை சூதாட்டமே என்று பெல்ஜியத்தின் சூதாட்ட ஆணையம் 2018இல் அறிவித்தது. ‘ஃபோர்ட்நைட்’ ஆட்டத்தை நடத்தும் எபிக் கேம்ஸ் மீது 2022 டிசம்பரில் அமெரிக்கக் கூட்டாட்சி வர்த்தக ஆணையம் எடுத்த நடவடிக்கை இன்னும் விரிவானது. குழந்தைகளின் தரவுகளைப் பெற்றோர் அனுமதியின்றிச் சேகரித்ததற்கு 27.5 கோடி டாலர் அபராதம். கருவி உறக்க நிலையிலிருந்து விழிக்கும்போதும் ஆட்டம் திரையில் ஏற்றப்பட்டுக்கொண்டிருக்கும்போதும்கூட ஒரு பொத்தான் பட்டுவிட்டால் பணம் போகும்படி அமைத்ததற்குத் திருப்பித் தர 24.5 கோடி டாலர். குரல் வழியும் எழுத்து வழியும் பேசும் வசதி தொடக்கத்திலேயே திறந்துவைக்கப்பட்டிருந்ததால், சிறுவர்கள் முன்பின் தெரியாதவர்களோடு நேரடியாகப் பேச நேர்ந்தது என்பதும் அந்த வழக்கின் ஒரு பகுதி. இந்த ஆபத்தையும் மணிக்கணக்கில் அளக்க முடியாது. தகாத ஒருவரோடு பேச ஐந்து நிமிடம் போதும்.

இப்போது நேரத்துக்கு வருவோம். குழந்தை ஏன் டேப்லெட்டைக் கீழே வைக்க மறுக்கிறது? அடம் என்று சொல்லிவிடுகிறோம். ஆட்டத்துக்கு முடிவு இல்லை என்பதும் ஒரு காரணம் என்பதை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை. பல்லாங்குழியில் ஒருவர் கையில் குழியை நிரப்ப முத்து இல்லாமல் போனால் ஆட்டம் முடிந்தது. தோற்றவருக்கும் அது தெரியும், வென்றவருக்கும் தெரியும், பார்த்துக்கொண்டிருந்த பாட்டிக்கும் தெரியும். இன்றைய இலவச ஆட்டங்கள் பலவற்றில் அப்படி ஓர் இடம் திட்டமிட்டே வைக்கப்படுவதில்லை. ஒரு கட்டம் முடியும் நொடியிலேயே அடுத்த கட்டம் தொடங்குகிறது. இன்று வந்தால் ஒரு பரிசு, நாளையும் வந்தால் இரட்டைப் பரிசு, ஒரு நாள் வராவிட்டால் சேர்த்தது போய்விடும். வாஷிங்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள், ஒன்று முதல் ஐந்து வயது வரையுள்ள குழந்தைகள் திரையை விட்டு எழும் தருணத்தை மட்டும் தனியாக ஆராய்ந்து 2016இல் எழுதினார்கள். ‘இன்னும் இரண்டு நிமிடம்தான்’ என்று பெற்றோர் முன்கூட்டியே எச்சரித்தால் குழந்தை எளிதாக எழுந்துவிடும் என்று நாம் நினைக்கிறோம். அவர்கள் கண்டது நேர்மாறானது: அந்த எச்சரிக்கை நிலைமையை மோசமாக்கியது. மாறாக, நிகழ்ச்சி இயல்பாக முடியும் இடத்திலும், தினமும் ஒரே வேளையில் முடியும் வழக்கம் இருந்த வீட்டிலும், சார்ஜ் தீர்ந்ததாலோ வைஃபை கிடைக்காததாலோ கருவியே நின்றுபோனபோதும் குழந்தைகள் அதிகம் முரண்டு பிடிக்கவில்லை. ஒன்று முடிந்ததும் அடுத்தது தானாக ஓடும் வசதி நிலைமையைக் கெடுத்தது. முடிவு எங்கே என்று குழந்தைக்குத் தெரிந்தால் அது ஏற்றுக்கொள்கிறது. ஓட்டத்தின் நடுவே ஒருவர் பிடுங்கினால்தான் எதிர்க்கிறது என்பதே இதிலிருந்து நான் பெறும் பொருள். ஆகவே முடிவுள்ள ஆட்டத்தைத் தேர்ந்தெடுத்துக் கொடுத்த பெற்றோருக்கு நேரப் பூட்டின் வேலை பாதியாகக் குறைகிறது.

நேரத்தை மட்டும் எண்ணினால் என்ன ஆகும் என்பதற்கு இரண்டு நாடுகள் தேசிய அளவில் சோதனை செய்து காட்டியுள்ளன. தென் கொரியா 2011இல் ஒரு சட்டத்தை நடைமுறைக்குக் கொண்டுவந்தது. நள்ளிரவு 12 முதல் காலை 6 வரை 16 வயதுக்குட்பட்டவர்கள் இணைய விளையாட்டுகளை ஆடக் கூடாது. பிள்ளைகள் கைபேசி ஆட்டங்களுக்கு நகர்ந்தார்கள். அவை அந்தச் சட்டத்தின் வரம்பில் இல்லை. பத்தாண்டு கழித்து, 2022இல், சட்டம் நீக்கப்பட்டது. சீனா 2019இல் சிறார்களுக்குச் சாதாரண நாள்களில் 90 நிமிடம் என்று வரம்பு வைத்தது. 2021இல் அதை இன்னும் சுருக்கி, வெள்ளி, சனி, ஞாயிறு, விடுமுறை நாள்களில் மட்டும் இரவு 8 முதல் 9 வரை என்று ஆக்கியது. முதல் வரம்பின் விளைவை ஆராய்ந்த கட்டுரை ஒன்று 2023இல் ‘நேச்சர் ஹியூமன் பிஹேவியர்’ இதழில் வந்தது. 240 கோடிக்கும் மேற்பட்ட கணக்குகளிலிருந்து 700 கோடி மணி நேர ஆட்டத்தைப் பார்த்தும், அளவுக்கு மீறி ஆடுவது குறைந்தது என்பதற்கு நம்பத்தக்க ஆதாரம் கிடைக்கவில்லை. அந்தக் கணக்குகளில் சிறார் யார், பெரியவர் யார் என்று தனியே பிரித்தறிய முடியவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். ஆகவே இதை இறுதித் தீர்ப்பாகக் கொள்ளக் கூடாது. ஆனாலும் ஒரு பெரிய அரசின் முழு பலத்தோடும் நடத்தப்பட்ட கடிகாரக் காவல் எதிர்பார்த்த பலனைக் காட்டவில்லை என்றால், நம் வீட்டுக் கடிகாரத்தின் மீது மட்டும் அத்தனை நம்பிக்கை வைப்பது எப்படி?

இங்கே நியாயமான மறுப்பு ஒன்று எழும். குழந்தை மருத்துவர்கள் மணிக்கணக்குதானே சொல்கிறார்கள் என்று கேட்பீர்கள். உண்மைதான். உலக சுகாதார நிறுவனம் 2019இல் வெளியிட்ட வழிகாட்டுதல், ஒரு வயதுக் குழந்தைக்குத் திரையே வேண்டாம் என்றும், இரண்டு முதல் நான்கு வயது வரை ஒரு மணி நேரத்துக்கு மேல் கூடாது, குறைவாக இருந்தால் இன்னும் நல்லது என்றும் சொல்கிறது. இந்தியக் குழந்தை மருத்துவர் சங்கமும் இரண்டு வயது வரை வேண்டாம், ஐந்து வயது வரை ஒரு மணி நேரம் என்றே சொல்கிறது. இந்த வரம்பை நான் முழுமையாக ஏற்கிறேன். தூங்க வேண்டிய, ஓட வேண்டிய, பேச்சைக் கேட்டுப் பேசப் பழக வேண்டிய வயதில் திரை அந்த நேரத்தை எடுத்துக்கொள்ளக் கூடாது. என் வாதம் வரம்பு வேண்டாம் என்பதன்று. வரம்புக்குள் வரும் அந்த ஒரு மணி நேரத்தில் என்ன நடக்கிறது என்பது வரம்பாலேயே தீர்மானிக்கப்படுவதில்லை என்பதுதான். அமெரிக்கக் குழந்தை மருத்துவர் கழகம் 2016இல் ஒரு மணி நேரம் என்று சொன்னபோதே, அது தரமானதாக இருக்க வேண்டும், பெற்றோர் உடனிருந்து பார்க்க வேண்டும் என்றும் சேர்த்தே சொன்னது. நாம் எண்ணை எடுத்துக்கொண்டு மற்றதை விட்டுவிட்டோம். எண் நினைவில் வைக்க எளிது. தரம் பார்ப்பதற்கு உட்கார வேண்டும்.

சரி, தரமான ஆட்டம் என்றால் காசு கொடுத்து வாங்க வேண்டும், எல்லா வீட்டிலும் அது முடியுமா என்பது அடுத்த மறுப்பு. இதை நான் மிகவும் மதிக்கிறேன். முன்னே சொன்ன 2022 ஆய்விலும், பெற்றோரின் கல்வி குறைவாக உள்ள வீடுகளின் குழந்தைகளே இந்த உத்திகளுக்கு அதிகம் ஆளாகிறார்கள் என்று தெரியவந்தது. இலவசம் என்று வருவதன் விலையை ஏழைக் குழந்தை கூடுதலாகக் கொடுக்கிறது. ஆனால் விளம்பரமும் விற்பனையும் இல்லாத இலவசங்களும் இருக்கின்றன. ‘ஜிகாம்ப்ரி’ என்ற கட்டற்ற மென்பொருள் 2000ஆம் ஆண்டு முதல் வளர்ந்துவருகிறது. எழுத்து, எண், நினைவாற்றல், புதிர் என்று பல சிறு ஆட்டங்கள் அதில் உள்ளன, இணையம் இல்லாமலும் ஓடும். சிறு குழந்தைகள் தாங்களே கதையும் அசைவும் அமைக்கும் ‘ஸ்கிராட்ச் ஜூனியர்’ 2014இல் வந்தது. கான் அகாதெமியின் குழந்தைகள் செயலி 2018இல் வந்தது. இவற்றில் சில ஆங்கிலம் சார்ந்தவையாக இருக்கலாம், நம் கதைகளும் நம் மண்ணும் அவற்றில் இல்லாமல் இருக்கலாம். அந்தக் குறையைத் தீர்ப்பது நம் பல்கலைக்கழகங்களும் அரசும் எடுத்துச் செய்ய வேண்டிய வேலை. அதுவரைக்கும், ஏற்கெனவே உள்ள ஆட்டத்தை ஆடும்போது இணைய இணைப்பைத் துண்டித்துவிடுவதே பல ஆட்டங்களில் விளம்பரத்தை நிறுத்திவிடும். அதற்கு ஒரு ரூபாயும் செலவில்லை.

நம் வீடுகளின் இன்னொரு நிலைமையையும் பேச வேண்டும். பெற்றோர் கட்டுப்பாடுகளை வடிவமைத்தவர்கள், குழந்தைக்கென்று தனிக் கருவி இருக்கும் என்று எண்ணிக்கொண்டார்கள். நம்மிடையே ஒரே கருவியை அப்பா, அம்மா, அக்கா, தம்பி நால்வரும் பயன்படுத்தும் வீடுகள் ஏராளம். ஆண்ட்ராய்டு டேப்லெட்டுகளில் குழந்தைக்குத் தனிப் பயனர் பகுதி திறக்க முடியும். அங்கே அப்பாவின் வாட்ஸ்அப்பும் வங்கிச் செயலியும் தெரியாது. ஐபேடில் வீட்டு உபயோகத்துக்கு அப்படிப் பல பயனர் வசதி இல்லை. அங்கே ஒரே செயலிக்குள் நிறுத்தும் கைடட் ஆக்சஸ்தான் கைகொடுக்கும். ஆண்ட்ராய்டிலும் திரையை ஒரே செயலியில் நிறுத்திவைக்கும் வசதி உண்டு. யூடியூப் கிட்ஸில் அடுத்த காணொளி தானாக ஓடுவதை நிறுத்தலாம். பேச்சு வசதி உள்ள ஆட்டத்தில் அதை மூடலாம், அல்லது நேரில் தெரிந்த நண்பர்கள் வரை சுருக்கலாம். எனக்கு இதெல்லாம் தெரியாதே, பிள்ளைக்குத்தான் தெரியும் என்று சொல்லும் தாய்மார்கள் உண்டு. பள்ளிகள் பெற்றோர் கூட்டத்தில் மதிப்பெண் பேசும் நேரத்தில் கால் மணி நேரத்தை இதற்கு ஒதுக்கலாம். ஆசிரியர் ஒருவர் கருவியைக் கையில் வைத்துச் செய்து காட்டினால், பத்துப் பதினைந்து பெற்றோர் பார்த்துக் கற்றுக்கொள்வார்கள். இது பொறியாளருக்கான வித்தை அன்று.

பிள்ளைகள் எப்படியும் பூட்டை உடைத்துவிடுவார்கள், பின் எதற்கு இந்தப் பாடு என்று கேட்பவர்களுக்கும் பதில் சொல்ல வேண்டும். உடைக்கிறார்கள்தான். கருவியின் தேதியை மாற்றுவது, செயலியை நீக்கி மறுபடி ஏற்றுவது, பாட்டியின் கைபேசிக்குப் போவது என்று வழிகள் உண்டு. இதற்குப் பதிலாகப் பலர் இன்னும் கடுமையான கண்காணிப்புச் செயலியை நாடுகிறார்கள். மத்திய ஃபுளோரிடா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2018இல், 37 பெற்றோர் கட்டுப்பாட்டுச் செயலிகளைப் பற்றிப் பிள்ளைகளே எழுதிய 736 கருத்துகளை ஆராய்ந்தார்கள். 79 சதவீதத்தினர் இரண்டு நட்சத்திரமோ அதற்கும் குறைவாகவோதான் கொடுத்திருந்தார்கள். கட்டுப்பாட்டுக்குள் இருப்பவர் கட்டுப்பாட்டைப் புகழ மாட்டார் என்பது வெளிப்படை. ஆனால் அவர்கள் சொன்ன காரணம் கவனிக்கத்தக்கது. தங்களை நம்பவில்லை, தங்கள் அந்தரங்கத்துக்குள் நுழைகிறார்கள், வீட்டில் உறவு கெடுகிறது என்பவையே பெரும்பாலான குறைகள். தங்களைக் காப்பாற்றுகிறது என்று உணர்ந்த இடத்தில் சிலர் நன்றியும் சொன்னார்கள். ஐந்து வயதில் பூட்டு முழுவதும் பெற்றோர் கையில் இருக்கலாம். பத்து வயதில் ஏன் இந்தப் பூட்டு என்று விளக்கிச் சொல்ல வேண்டும். பதின்மூன்று வயதில் பிள்ளையோடு கலந்து பேசித்தான் வைக்க வேண்டும். பிரிட்டனில் 2021 முதல் முழுமையாக நடைமுறைக்கு வந்த குழந்தைகளுக்கான வடிவமைப்பு நெறி இதை ஒரு விதியாகவே வைத்திருக்கிறது: பெற்றோர் கண்காணிக்கும் வசதி இருந்தால், கண்காணிக்கப்படுகிறோம் என்பது குழந்தைக்குத் தெளிவாகத் தெரியும்படி கருவி காட்ட வேண்டும். மறைந்திருந்து பார்ப்பது வளர்ப்பு ஆகாது.

கடைசி மறுப்பு மிகக் கனமானது. எல்லாவற்றையும் பெற்றோர் தலையிலேயே கட்டுகிறீர்களே, இரண்டு பேரும் வேலைக்குப் போகும் வீட்டில் இது நடக்குமா? நடக்காது, நடக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பதும் நியாயமில்லை. மிகத் திறமையான வடிவமைப்பாளர்களும் உளவியல் அறிந்தவர்களும் கூடி அமைத்த ஆட்டத்துக்கு எதிரே, அசதியோடு வீடு திரும்பும் ஒரு தாயை நிறுத்திச் சமமான போட்டி என்று சொல்ல முடியாது. அதனால்தான் பூட்டின் ஒரு பகுதி சட்டத்தின் கையில் இருக்க வேண்டும் என்கிறேன். இந்தியாவின் 2023ஆம் ஆண்டு மின்னணுத் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம் 18 வயதுக்குட்பட்ட அனைவரையும் குழந்தைகள் என்றே கொள்கிறது. அவர்களின் தரவைக் கையாளச் சரிபார்க்கத்தக்க பெற்றோர் இசைவு வேண்டும். அவர்களைப் பின்தொடர்ந்து நடத்தையைக் கண்காணிப்பதற்கும் குறிவைத்து விளம்பரம் செய்வதற்கும் தடை. மீறினால் 200 கோடி ரூபாய் வரை அபராதம். இது நல்ல தொடக்கம். தமிழ்நாட்டின் 2022ஆம் ஆண்டு இணையவழிச் சூதாட்டத் தடைச் சட்டத்தின் கீழ் 2025இல் வந்த விதிகள், பணம் வைத்து ஆடும் ஆட்டங்களில் 18 வயதுக்குட்பட்டவர்களுக்கு இடமில்லை என்றன. அந்த விதிகளைச் சென்னை உயர் நீதிமன்றமும் செல்லும் என்றது. ஆனால் நம் குழந்தைகள் ஆடுவது பொம்மைக்குத் தீனி வாங்கும் ஆட்டமும் பரிசுப் பெட்டி திறக்கும் ஆட்டமும். அவை சூதாட்டம் என்ற பெயரில் வருவதில்லை. குழந்தைகளுக்கான செயலியில் பேச்சு வசதி மூடியே வர வேண்டும், வாங்கும் வசதி மூடியே வர வேண்டும், பரிசுப் பெட்டி இருக்கவே கூடாது. திறக்க விரும்பும் பெற்றோர் திறந்துகொள்ளட்டும். இன்று பலவும் திறந்தபடி வந்து, மூடும் வேலை மட்டும் நம்மிடம் விடப்பட்டிருக்கிறது. இந்த நிலையை மாற்றும் அதிகாரம் அரசிடம் இருக்கிறது. கேட்கும் உரிமை நம்மிடம் இருக்கிறது.

ஆகவே பெற்றோரிடம் நான் கேட்டுக்கொள்வது ஒரு வரிசைதான். முதலில் பணத்தை மூடுங்கள். அடுத்து அந்நியர் பேச்சை மூடுங்கள். பிறகு கருவியில் இருக்கும் ஆட்டங்களை ஒவ்வொன்றாக நீங்களே கால் மணி நேரம் ஆடிப் பாருங்கள்; கெஞ்சுவதையும் அவசரப்படுத்துவதையும் முடிவில்லாமல் ஓடுவதையும் நீக்குங்கள்; முடிவுள்ளதையும் குழந்தை தானே எதையாவது உருவாக்குவதையும் வைத்துக்கொள்ளுங்கள். அதன் பிறகு நேரம் வையுங்கள். அதையும் நிமிடத்தில் வைக்காமல், இரண்டு கட்டம், ஒரு கதை, ஓர் ஆட்டம் என்று குழந்தைக்குப் புரியும் அளவில் வையுங்கள். நாளின் எந்த வேளையில் என்பதையும் மாற்றாதீர்கள். குழந்தைக்கு ஆட்டம் வேண்டும், அது குழந்தைமையின் உரிமை. அந்த உரிமையைப் பறிக்கும் கடிகாரமாகப் பெற்றோர் மாறிவிடக் கூடாது. அந்த உரிமையைக் காசாக்க நினைப்பவர்களுக்கு எதிராக, குழந்தையின் பக்கம் நிற்பவர்களாக இருக்க வேண்டும். அரசிடமும் நிறுவனங்களிடமும் கேட்க வேண்டியதை நாம் ஒன்றாகச் சேர்ந்து கேட்போம். வீட்டில் செய்ய வேண்டியதை இன்று இரவே தொடங்குவோம்.